இருபதடித் தூரத்து நிபுணர்

கண்ணாடிக்காரர் தலை நிறைய ஷாம்பு நுரையும் இடுப்பில் ஒரு துண்டுமாகக் குளியலறைக்கு வெளியே நின்றுகொண்டிருந்தார். உள்ளே குழாய் திறந்தபடி ஓடிக்கொண்டிருந்தது. அதை மூட வேண்டுமென்றால் அவர் உள்ளே போக வேண்டும். அவர் உள்ளே போக வேண்டுமென்றால், குழாய்க்கு மேலே சுவரில் கால்பரப்பி உட்கார்ந்திருந்தது வெளியே போக வேண்டும். அதற்கு அப்படி ஓர் உத்தேசம் இருப்பதாகத் தெரியவில்லை.

"தண்ணி ஏங்க சும்மா ஓடுது?" என்று சமையலறையிலிருந்து மனைவியின் குரல் வந்தது.

"சூடாகட்டும்னு விட்டிருக்கேன்."

"அந்தக் குழாய்ல என்னைக்குச் சுடுதண்ணி வந்துச்சு?"

பதிலுக்குக் காத்திராமல் அவளே வந்து எட்டிப் பார்த்தாள். பார்த்த வேகத்தில் பின்வாங்கிக் கணவனின் காலை மிதித்தாள். உள்ளங்கை அகலத்துக்கு ஒரு சிலந்தி. பழுப்பு நிறம், தட்டையான உடம்பு. எட்டுக் கால்களையும் எட்டுத் திசைக்கும் நீட்டி வைத்திருந்தது.

"அதை எடுத்து வெளியில போடுங்க," என்றாள்.

கடைத்தெருவில் மூக்குக் கண்ணாடிக் கடை வைத்திருப்பவர் அவர். நாய்க்குப் பயந்தவரில்லை. இருட்டுக்கும் பயந்தவரில்லை. பழைய கண்ணாடியைத் திருப்பிக் கொண்டுவந்து சண்டை போடுகிறவர்களைக்கூடச் சிரித்தபடி சமாளித்து அனுப்பிவிடுவார். ஆனால் எட்டுக் கால் உள்ள எதைக் கண்டாலும் அவரால் ஓர் அடி முன்னால் எடுத்து வைக்க முடியாது. இது உலகத்தில் ஒருவருக்கும் தெரியாது. மனைவிக்குத் தெரியவே கூடாது.

அதற்குக் காரணம் அவருடைய சகலை. மனைவியின் அக்கா கணவர் தீயணைப்பு வீரர். எரிகிற கட்டடத்தின் மூன்றாவது மாடியிலிருந்து ஒரு பெரியவரைத் தோளில் போட்டு இறக்கியவர். மாமனார் குடும்பத்தின் கையிருப்பில் இருந்த புகழ் மொத்தத்தையும் அவருக்கே கொடுத்துத் தீர்த்துவிட்டார்கள். குடும்பம் ஒன்றுகூடினால் சகலையைச் சுற்றி உட்கார்ந்து அந்த மூன்றாவது மாடிக் கதையைக் கேட்பார்கள். கேட்டு முடித்ததும் கண்ணாடிக்காரரிடம் தங்கள் கண்ணாடிகளைக் கழற்றிக் கொடுத்துத் துடைத்துத் தரச் சொல்வார்கள். ஒரு பூச்சிக்குப் பயந்து துண்டோடு வெளியே நின்றார் என்பது அங்கே எட்டினால் அவர் தலைமுறை முடியும்வரை சிரிப்பார்கள்.

ஆகவே அவர் முன்னெச்சரிக்கையாக நடைபாதைக் கடையில் வீட்டுச் சிலந்திகளைப் பற்றிய ஒரு சின்னப் புத்தகம் வாங்கியிருந்தார். எதிரியைப் புரிந்துகொண்டால் பயம் போய்விடும் என்று யாரோ சொல்லிக் கேட்டிருந்தார். படங்களைக் கட்டைவிரலால் மறைத்துக்கொண்டு முழுதும் படித்தும் முடித்துவிட்டார். பயம் போகவில்லை. புரிந்தது மட்டும் தங்கியது.

"எடுக்கறது பெரிய விஷயமில்ல," என்றார் இப்போது, வாசற்படியை விட்டு நகராமல். "ஆனா இது வேட்டைச் சிலந்தி. வலை கட்டாது. கரப்பான், கொசு எல்லாத்தையும் புடிச்சுத் தின்னும். சம்பளம் வாங்காத காவல்காரன் மாதிரி. இதைப் போய்த் தொந்தரவு பண்றது பாவம். ஓரிடத்துல தங்காது. சாயங்காலத்துக்குள்ள தானாப் போயிடும்."

"கொசு தின்னுமா?"

"கொசுன்னா அதுக்கு உயிர். நம்ம ரூம்ல ராத்திரி கொசு புடுங்குது பாரு, அங்கதான் ஒண்ணும் வந்து சேர மாட்டேங்குது." வராததுதான் தன் பாக்கியம் என்பதை அவர் சொல்லவில்லை.

கூடத்தில் துணி மடித்துக்கொண்டிருந்த மாமியார் மடிப்பதை ஒரு கணம் நிறுத்திக் கேட்டுக்கொண்டார். தம் வீட்டில் பழுதுபார்க்கும் வேலை நடக்கிறது என்று சில நாள் தங்க வந்தவர். மாப்பிள்ளையிடம் நேராகப் பேசியதே கிடையாது. அவருக்கு ஏதாவது சொல்ல வேண்டுமென்றால் மகளிடம் சொல்வார். மகள் இல்லாவிட்டால் சுவரைப் பார்த்துச் சொல்வார். மரியாதை அப்படி.

கண்ணாடிக்காரர் தோட்டத்துக் குழாயில் தலையைக் கழுவிக்கொண்டு கடைக்குப் போனார். போகும்போது, சாயங்காலம் வீடு திரும்பாமலிருக்க என்ன வழி என்று யோசித்துக்கொண்டே போனார்.

திரும்பி வந்தபோது மனைவி வாசலிலேயே நின்றிருந்தாள்.

"நீங்க சொன்ன மாதிரியே போயிடுச்சுங்க," என்றாள். அவள் கண்ணில் இருந்த வியப்பை அவர் அதுவரை சகலை பேசும்போது மட்டுமே பார்த்திருந்தார்.

அவருக்கும் ஆச்சரியம்தான். ஆனால் நிபுணர்கள் ஆச்சரியப்படுவதில்லை என்பதால் மூக்குக் கண்ணாடியைக் கழற்றி நிதானமாகத் துடைத்தார்.

அடுத்து சமையலறை ஜன்னலில் ஒன்று வந்தது. குட்டையாக, மயிர் அடர்ந்து, கொஞ்சம் தூரம் நடந்து கொஞ்சம் தூரம் குதித்தது. கண்ணாடிக்காரர் கூடத்தின் மறுகோடியில் போய் நின்று, கடையிலிருந்து கொண்டுவந்திருந்த பைனாகுலரை எடுத்தார். கடையில் எழுத்துப் பலகையை இருபதடி தள்ளி வைத்துத்தான் கண் பரிசோதிப்பது வழக்கம். சிலந்திக்கும் அதே முறை என்று வைத்துக்கொண்டார்.

"கிட்டப் போய்ப் பாருங்களேன்."

"கிட்டப் போனா அதுக்கு மிரட்சி வரும். இதுக்கு எட்டுக் கண்ணு. முன்னாடி ரெண்டு மட்டும் பெரிசு, பாரு, மோட்டார் வண்டி விளக்கு மாதிரி. பார்வை ரொம்பத் துல்லியம். இதுக்கெல்லாம் கண்ணாடி விக்க முடியாது. குதிக்கிற சிலந்தி. நாளைக்குப் போயிடும்."

மறுநாள் போய்விட்டது.

பிறகு செருப்பு அலமாரிக்குப் பின்னால் ஒரு நெட்டைக்கால் சிலந்தி. கால்கள் நூல் மாதிரி, உடம்பு அரிசி அளவு. தொட்டால் வலையோடு சேர்ந்து தானும் கிடுகிடுவென்று ஆடும் வகை. அதுவும் போனது. வாசல் பூந்தொட்டிகளுக்கு நடுவே வட்டமாக வலை பின்னி, நடுவில் பெருக்கல் குறி போட்டுவிட்டு உட்கார்ந்திருந்த ஒன்று. அது வலையை விட்டுப் போகாத ரகம் என்று புத்தகத்தில் இருந்தது. கண்ணாடிக்காரர் வாய் தவறி, போய்விடும் என்று சொல்லிவிட்டார். அதுவும் போனது. வலை மட்டும் பெருக்கல் குறியோடு காற்றில் ஆடிக்கொண்டிருந்தது. உண்மையாகவே தனக்கு ஏதோ ஒரு சக்தி இருக்கிறதோ என்று அவர் அன்றைக்குத்தான் முதல்முறையாகச் சந்தேகப்பட்டார்.

சந்தேகப்படும் மனநிலையில் உள்ளே நுழைந்தபோது மாமியார் எதிரே வந்தார். கையில் எவர்சில்வர் டம்ளர். அதன் வாயைப் பழைய காலண்டர் அட்டையால் மூடி, மேலே உள்ளங்கையை அழுத்தி வைத்திருந்தார். மாப்பிள்ளையைக் கண்டதும் வழக்கம்போல் சுவரோடு ஒதுங்கி நின்று வழிவிட்டார். குடிக்கிற காப்பியில் தூசி விழக் கூடாது என்று இந்த வயதிலும் எவ்வளவு அக்கறை என்று கண்ணாடிக்காரர் மனதுக்குள் மெச்சிக்கொண்டார்.

இவ்வளவு நடந்தும் வீட்டில் அவர் நிம்மதியாக இருந்த ஒரே இடம் படுக்கையறை. கதவைச் சாத்திக்கொண்டு கட்டிலில் ஏறிவிட்டால் அது அவருடைய கோட்டை. அங்கே ஒரு சிலந்தியைக்கூட அவர் பார்த்ததில்லை. அதிலும் சமீபமாக அங்கே கொசுத் தொல்லையும் அடியோடு நின்றுவிட்டது. மின்விசிறியைக் கழுவித் துடைத்து மாட்டியதன் பலன் என்று மனைவியிடம் பெருமையாகச் சொன்னார். எப்போதாவது தூக்கத்தில் காதோரம் மெல்ல ஏதோ உரசும். மனைவியின் கூந்தலாக இருக்கும் என்று பிரியத்தோடு ஒதுக்கிவிட்டுத் திரும்பிப் படுத்துக்கொள்வார்.

ஒருநாள் கடையிலிருந்து வந்தபோது மனைவி அக்காவோடு போனில் பேசிக்கொண்டிருந்தாள். அவர் வந்ததைக் கவனிக்கவில்லை.

"உன் வீட்டுக்காரர் நெருப்பைத்தான் அணைப்பார். இவர் சொன்னா பூச்சியே கேக்குதுடி," என்றாள்.

கண்ணாடிக்காரர் வாசலிலேயே நின்றுவிட்டார். கல்யாணமான நாளிலிருந்து அந்தக் குடும்பத்தில் அவரை மெச்சி யாரும் ஒரு வார்த்தை சொன்னதில்லை. உண்மையைச் சொல்லிவிடலாம் என்று அவ்வப்போது தலைகாட்டிய நல்ல எண்ணத்தை அந்த இடத்திலேயே குழிதோண்டிப் புதைத்தார்.

புகழ் என்பது வாசலோடு நிற்கிற சரக்கில்லை. மனைவி தெருவெல்லாம் சொன்னாள். எதிர்வீட்டு வக்கீலம்மா அழைத்தார். அவர் குளியலறையில், ஜன்னலுக்குப் பக்கத்தில், பெரிதாக ஒன்று உட்கார்ந்திருந்தது. வக்கீலம்மா சட்டப்புத்தகத்தால் அதை அடிக்கப் போனவர், நிபுணர் கருத்தைக் கேட்டுவிடலாம் என்று நிறுத்தி வைத்திருந்தார்.

கண்ணாடிக்காரர் வக்கீலம்மாவின் கூடத்திலேயே நின்றுகொண்டு பைனாகுலரால் பார்த்தார். வேட்டைச் சிலந்தி, சாயங்காலம் போய்விடும் என்று தீர்ப்புச் சொன்னார். டீ குடித்தார். வீட்டுக்கு வந்தார்.

சாயங்காலம் அது போகவில்லை. மறுநாளும் போகவில்லை. அதற்கு மறுநாள் வக்கீலம்மாவே கடைக்கு வந்துவிட்டார்.

"உங்க வீட்டுல போகுது, எங்க வீட்டுல ஏன் போகல?" என்று குறுக்கு விசாரணை செய்யும் குரலில் கேட்டார்.

நியாயமான கேள்வி. அதற்குப் பதில் அவருக்கே தெரியாது. வாடிக்கையாளர்கள் வேறு பார்த்துக்கொண்டிருந்தார்கள். வாயில் வந்ததைச் சொன்னார்.

"அது பொம்பளைச் சிலந்தி. முட்டைப் பையை வயித்துக்கு அடியில புடிச்சுக்கிட்டுக் காவல் இருக்கு. அதான் நகரல. இப்போ கிட்டப் போனா தாய்க்குக் கோவம் வரும். அந்த ரூமைப் பூட்டி வச்சிடுங்க, கொஞ்ச நாள்."

வக்கீலம்மா பூட்டினார். பூட்டியவர் குளிக்க வேண்டாமா? யோசனை சொன்னவர் வீடுதானே பக்கம் என்று மறுநாள் காலையிலேயே துண்டும் சோப்புமாக வந்துவிட்டார். அவருக்குப் பின்னால் அவர் கணவர். கணவருக்குப் பின்னால் வக்கீலம்மாவின் கொழுந்தனார். கொழுந்தனார் உள்ளே போனால் பாடிக்கொண்டே குளிப்பவர், பாட்டு முடியாமல் வெளியே வரமாட்டார். கண்ணாடிக்காரர் தன் வீட்டு வரிசையில் கடைசி ஆளாக வாளியோடு நின்றார். கடை திறக்கத் தாமதமானது. சிலந்தி போகிறதோ இல்லையோ, கொழுந்தனார் முதலில் போய்த் தொலையட்டும் என்று அவர் நாள்தோறும் வேண்டிக்கொண்டார்.

இதில் வேடிக்கை என்னவென்றால், வாயில் வந்ததாக அவர் சொன்னது நிஜமாகவே நடந்துவிட்டது. ஒருநாள் வக்கீலம்மா பூட்டைத் திறந்து பார்த்தபோது குளியலறைச் சுவர் முழுக்க மிளகு தூவினது போல் குட்டிச் சிலந்திகள். கதவைத் திறந்த காற்றில் சில அவர் தலைமுடி மேலேயே வந்து இறங்கின.

தெரு இரண்டாகப் பிரிந்தது. பாதிப் பேர், கிட்டப் போகாமலேயே முட்டை என்று சொன்ன மனிதர் ஞானி என்றார்கள். மீதிப் பேர் வக்கீலம்மா பக்கம். அவர் மருந்தடிக்கிற ஆளைக் கூப்பிட்டுப் பேசிவிட்டார். ஒரு வீட்டுக்கு மட்டும் அடித்தால் எல்லாம் அடுத்த வீட்டுக்கு ஓடும், தெரு முழுக்க அடித்தால்தான் சரி என்று அந்த ஆள் சொன்னார். அதற்குக் குடியிருப்போர் சங்கம் தீர்மானம் போட வேண்டும். ஞாயிற்றுக்கிழமை கூட்டம், கண்ணாடிக்காரர் வீட்டுக் கூடத்தில்.

மருந்து என்ற வார்த்தையைக் கேட்டதும் கண்ணாடிக்காரருக்கு உள்ளுக்குள் தேன் பாய்ந்தது. இரண்டு கையையும் தூக்கி ஆதரிக்கத் தயாராக இருந்தார். நாலு வார்த்தை சம்பிரதாயமாக எதிர்த்துப் பேசிவிட்டு, பெரும்பான்மைக்குத் தலைவணங்குகிறேன் என்று உட்கார்ந்துவிடலாம் என்று ஒத்திகைகூடப் பார்த்துவிட்டார்.

அதற்குள் மனைவி முந்திக்கொண்டாள். சங்கச் செயலாளரைத் தெருவில் பார்த்தபோது, சிலந்தி எவ்வளவு சாது என்று தன் கணவர் கூட்டத்தில் நிரூபிப்பார், வெறுங்கையில் எடுத்து விட்டுக்கொண்டு காட்டுவார் என்று வாக்குக் கொடுத்துவிட்டாள். செயலாளருக்குத் தெருவில் 'மைக்' என்று பெயர். அவர் சாதாரணமாகப் பேசினாலே கடைசி வீடுவரை கேட்கும். அன்று மாலைக்குள் கேட்டுவிட்டது.

"என்னைக் கேக்காம ஏன் சொன்ன?" என்றார் கண்ணாடிக்காரர். குரல் கீச்சென்று வந்தது.

"அக்கா வீட்டுல வீடியோ கால்ல பார்க்கப் போறாங்க. அத்தானும் லீவு போட்டிருக்கார்," என்றாள் அவள். பிறகு கொஞ்சம் தயங்கிவிட்டு, "எனக்கும் ஒரு தடவை பெருமையா இருக்கட்டுங்க," என்றாள்.

அதற்கு மேல் அவரால் என்ன சொல்ல முடியும்? கடையில் போய், உள்ளறையில் உட்கார்ந்து, ஒரு கறுப்பு ஷூ கயிற்றைச் சுருட்டி உள்ளங்கையில் வைத்துப் பழகிப் பார்த்தார். கயிறு என்று தெரிந்தும் கை வியர்த்து வழிந்தது. விசிறிக் காற்றில் கயிற்றின் நுனி லேசாக அசைந்தபோது அவர் நாற்காலியோடு பின்னால் சாய்ந்து விழுந்தார். வெளியே கண் பரிசோதனைக்குக் காத்திருந்தவர் சத்தம் கேட்டு, பரிசோதனை வேண்டாம் என்று போய்விட்டார்.

ஞாயிற்றுக்கிழமை காலை, தூக்கில் போடுவதற்கு முன் கடைசியாகச் சொந்த வீட்டைச் சுற்றிப் பார்ப்பவரைப் போல அவர் பைனாகுலரோடு ஒவ்வோர் அறை வாசலிலும் நின்று பார்த்தார். குளியலறையில் ஒன்றும் இல்லை. சமையலறையில் இல்லை. செருப்பு அலமாரி, பூந்தொட்டி, மாடிப்படி, எங்கேயும் இல்லை. அப்போதுதான் அவர் மூளையில் விளக்கு எரிந்தது. சிலந்தியே இல்லாத வீட்டில் எதைக் கையில் எடுப்பது? சட்டியில் இருந்தால்தானே அகப்பையில் வரும். அவர் தனக்குத் தானே சிரித்துக்கொண்டு நல்ல சட்டையாகப் பார்த்து எடுத்து மாட்டிக்கொண்டார்.

கூடம் நிரம்பியது. மனைவி போனை அலமாரித் தட்டில் சாய்த்து வைத்தாள். அதில் சகலை கைகட்டி உட்கார்ந்திருந்தார். பக்கத்தில் அக்கா. மாமியார் வழக்கம்போல் சமையலறைக் கதவுக்குப் பின்னால் நின்றார். வக்கீலம்மா எழுந்து, குட்டிகள் தன் தலையில் இறங்கிய விதத்தை நடித்தே காட்டினார். முடிவாகக் கண்ணாடிக்காரரைச் சுட்டினார்.

"சார் ஒரு சிலந்தியைக் கையில எடுக்கட்டும். எடுத்துட்டார்னா மருந்து வேண்டாம்னு முதல் ஆளா நானே கையைத் தூக்கறேன்."

கண்ணாடிக்காரர் அவசரப்படாமல் எழுந்தார்.

"தாராளமா எடுக்கலாம். ஒண்ணைக் கொண்டுவாங்க," என்றார்.

தேடினார்கள். மைக் தலைமையில் ஒரு குழு குளியலறைக்குப் போனது. கொழுந்தனாருக்கு அந்த இடம் அத்துப்படி என்பதால் அவரே முன்னால் நடந்தார். இன்னொரு குழு செருப்பு அலமாரியை நகர்த்தியது. ஒருவர் பூந்தொட்டிகளைக் கவிழ்த்தே பார்த்தார். படுக்கையறைப் பக்கம் யாரும் போகவில்லை, அடுத்தவர் படுக்கையறைக்குள் நுழைவது நாகரிகமில்லையே. ஒவ்வொருவராகக் கையை விரித்துக்கொண்டு வந்தார்கள். ஒன்றுகூடக் கிடைக்கவில்லை.

கண்ணாடிக்காரர் கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டார். பேச்சு அருவி மாதிரி கொட்டியது. இந்த வீட்டில் எத்தனையோ வகைச் சிலந்திகள் வந்தன, ஒன்றைக்கூட யாரும் அடிக்கவில்லை, ஒன்றின்மேலும் மருந்து தெளிக்கவில்லை, வந்த வழியே தானாகப் போயின என்றார். மனிதன் பகைமை காட்டாவிட்டால் அவையும் தங்குவதில்லை என்றார். பயம்தான் மனிதனின் ஒரே விஷம் என்று அவர் சொன்னபோது பின்வரிசையில் யாரோ கைதட்டினார். அந்த வாக்கியம் அவருக்கே பிடித்துப்போய் இன்னொரு முறை சொன்னார்.

மருந்துத் தீர்மானம் கைவிடப்படுகிறது என்று மைக் அறிவித்தார். அது வீடியோ கால் இல்லாமலேயே அக்கா வீட்டுக்குக் கேட்டிருக்கும். போனில் சகலை மெல்லத் தலையை அசைத்தார். மூன்றாவது மாடியிலிருந்து பெரியவரை இறக்கிய மனிதர், கண்ணாடிக் கடைக்காரரைப் பார்த்துத் தலையசைத்தார். மனைவி முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

அந்த ஒரு கணம் போதுமென்று உட்கார்ந்திருந்தால் கண்ணாடிக்காரர் தப்பித்திருப்பார். வெற்றி தலைக்கேறியது. ஒரு நீண்ட பெருமூச்சு விட்டு, போன் பக்கமாகத் திரும்பி நின்றார்.

"என்ன, ஒரே ஒரு குறைதான். ஒண்ணே ஒண்ணு அகப்பட்டிருந்தாலும் உங்க எல்லார் முன்னாடியும் கையில விட்டுக்கிட்டுக் காட்டியிருப்பேன். குடுத்து வைக்கல," என்றார்.

சமையலறைக் கதவு மெல்லத் திறந்தது. எவர்சில்வர் டம்ளரும் காலண்டர் அட்டையுமாக மாமியார் கூடத்துக்குள் வந்தார். சுவரைப் பார்க்கவில்லை, மகளையும் பார்க்கவில்லை. கல்யாணத்துக்குப் பிறகு முதல்முறையாக மாப்பிள்ளையின் முகத்தை நேருக்கு நேர் பார்த்துப் பேசினார்.

"அதுக்கு ஏன் மாப்பிள்ளை மனசு கஷ்டப்படறீங்க, நல்ல பூச்சின்னு நீங்க சொன்ன பிறகு எதையும் வெளியில விட எனக்கு மனசு வரல, உங்க ரூம்ல கொசு புடுங்குதுன்னீங்களே, அத்தனையையும் இந்த டம்ளர்ல புடிச்சுப் புடிச்சு உங்க கட்டில் தலைமாட்டுலதான் விட்டு வச்சிருக்கேன், எது வேணும்னு சொல்லுங்க, எடுத்துட்டு வரேன்."